கல்லும் ஒளியும் கலைச்சொல்லும்

நுழையும்முன்

அறிவியல் பாடத்தில் ஒரு சொல்லை மனப்பாடம் செய்வது வேறு. அச்சொல்லை அறிவது வேறு. கலைச்சொல் ஒவ்வொன்றும் ஒரு பொருளையோ பண்பையோ செயலையோ அளவையோ குறிக்கிறது. குறிக்கப்படுவது கண்ணுக்கும் கைக்கும் புலப்படாமல் சொல் மட்டும் நினைவில் நின்றால் அது சுமையாகிவிடுகிறது. கலைச்சொல்லை அறியும் நெறி யாது, அதற்குத் தமிழ் இலக்கணம் எவ்வாறு துணைசெய்கிறது என்பவற்றைக் கனிமவியல், ஒளியியல், ஆய்வக இயற்பியல் ஆகிய துறைகளின் சொற்கள்வழி இக்கட்டுரை ஆராய்கிறது.

சாலையோரச் சொற்கள்

விழுப்புரத்தை அடுத்துள்ள கோலியனூர், சாலைகள் கூடும் ஊர். விழுப்புரம், புதுச்சேரி, பண்ருட்டி ஆகிய ஊர்களை நோக்கிய போக்குவரத்து இங்கே பிரிகிறது. கருங்கல் ஜல்லி ஏற்றிய வண்டிகளை இச்சாலைகளில் நாள்தோறும் காணலாம். வீடு கட்டுவோர் அதனை 'முக்கால் ஜல்லி' என்றும் 'ஒன்றரை ஜல்லி' என்றும் பெயர் சொல்லிக் கேட்டு வாங்குவர். முக்கால் என்பது முக்கால் அங்குலம்; ஏறத்தாழ 20 மில்லிமீட்டர். ஒன்றரை என்பது ஒன்றரை அங்குலம். ஏறத்தாழ 40 மில்லிமீட்டர். எந்தப் பணிக்கு எது உரியது என்பதில் கொத்தனாருக்கோ சித்தாளுக்கோ ஐயம் எழுவதில்லை. அவர்கள் பயன்படுத்துவனவும் கலைச்சொற்களே. சொல்லோடு பொருளும், பொருளோடு அளவும், அளவோடு பயனும் அவர்களுக்கு ஒருங்கே அறிமுகமாகின்றன.

அதே ஊரிலிருந்து மேல்நிலைப் பள்ளிக்குச் செல்லும் மாணவரோ 'மீச்சிற்றளவு', 'இடமாறு தோற்றப் பிழை', 'சிறும திசைமாற்றக் கோணம்' முதலிய சொற்களைக் கண்டு மருள்கின்றார். இது மாணவரின் அறிவுக்குறை அன்று. தொழிற்களத்தில் பொருளைக் கண்டபின் சொல் வருகிறது. வகுப்பறையில் பல வேளைகளில் சொல் மட்டுமே வந்து நிற்கிறது. இந்த இடைவெளியை நிரப்பாமல் கலைச்சொற்களின் எண்ணிக்கையைப் பெருக்குவதால் பயனில்லை.

வளைந்தவை எல்லாம் வளையல் ஆகா

பெயர்ச்சொற்களை இடுகுறிப்பெயர், காரணப்பெயர் எனத் தமிழ் இலக்கணம் வகுக்கிறது. காரணப்பெயரிலும் பொதுவும் சிறப்பும் உண்டு. பறப்பன அனைத்திற்கும் பொதுவாய் வரும் 'பறவை' காரணப் பொதுப்பெயர். வளைந்த பொருள்கள் பலவாயினும் கையில் அணியும் ஓர் அணியை மட்டுமே குறிக்கும் 'வளையல்' காரணச் சிறப்புப்பெயர். வளைந்திருப்பதாலேயே வில்லையோ அரிவாளையோ எவரும் வளையல் என்று அழைப்பதில்லை.

தமிழ்க் கலைச்சொற்களில் பெரும்பாலானவை வளையலைப் போன்றவை. அவற்றிற்குக் காரணம் உண்டு. அக்காரணத்திற்கு எல்லையும் உண்டு. 'ஒளிவிலகல்' என்னும் சொல்லைப் பிரித்தால் ஒளி தன் வழியிலிருந்து விலகுதல் என்னும் பொருள் கிடைக்கிறது. ஆயினும் ஒளி திசைமாறும் நிகழ்வுகள் எல்லாம் ஒளிவிலகல் ஆவதில்லை. கண்ணாடியில் பட்டுத் திரும்பும்போதும் ஒளி திசைமாறுகிறது, அது எதிரொளிப்பு. ஓர் ஊடகத்திலிருந்து மற்றோர் ஊடகத்திற்குச் செல்லும்போது வேகம் மாறுவதால் ஏற்படும் திசைமாற்றம் மட்டுமே ஒளிவிலகல். சொல்லின் பகுதி அதன் காரணத்தைக் காட்டும். எல்லையைக் காட்டுவது வரையறை.

இவ்விரண்டோடு மூன்றாவது ஒன்றும் வேண்டும். அது சொல்லைச் சோதித்தறியும் செயல். தொல்காப்பியம் எழுத்தின் ஒலியளவை 'மாத்திரை' என்னும் கலைச்சொல்லால் குறித்தது. கண் இமைக்கும் நேரத்தையும் கை நொடிக்கும் நேரத்தையும் அதற்கு அளவாகக் காட்டியது. கற்பவர் தம் விரலை நொடித்து அச்சொல்லின் பொருளை அறிய முடிந்தது. காரணம், எல்லை, செயல் என்னும் மூன்றும் கூடியபோதே ஒரு கலைச்சொல் கற்பவருக்கு உரியதாகிறது. அறிவியல் பாடத்திலும் இந்நெறியே வேண்டும்.

கல் என்னும் ஒரு சொல்

அன்றாட வழக்கில் 'கல்' என்பது வீதியில் கிடப்பதையும் குறிக்கும். மோதிரத்தில் பதித்ததையும் குறிக்கும். கனிமவியலுக்கு இந்த ஒரு சொல் போதாது. வரையறுத்த வேதி இயைபும் ஒழுங்கான அணு அமைப்பும் கொண்டு இயற்கையில் தோன்றிய திண்மப் பொருள் கனிமம். ஒன்றோ பலவோ ஆகிய கனிமங்களின் திரள் பாறை. உலோகத்தைப் பயன்தரும் வகையில் பிரித்தெடுக்கத்தக்க கனிமத் திரள் தாது. இலக்கியத்தில் தாது என்பது பூந்துகள். சித்த மருத்துவத்தில் அது உடலைத் தாங்கும் கூறு. ஒரே சொல் துறைக்கேற்ப எல்லை மாறுவதை அறியாதவர் தாதுவையும் கனிமத்தையும் ஒன்றெனக் கொள்வர்.

விழுப்புரம், திண்டிவனம் வட்டாரங்களில் கருங்கல் என வழங்கும் பாறைகளுள் சார்னகைட்டும் ஒன்று. இப்பெயர் தமிழ் மாணவருக்கு இடுகுறி போன்றது. கொல்கத்தாவில் ஜாப் சார்னக் என்பவரின் கல்லறையில் உள்ள கல், சென்னைப் பகுதியிலிருந்து சென்ற பாறை வகையைச் சார்ந்தது. அதனை ஆராய்ந்த இந்தியப் புவியியல் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த தாமஸ் ஹாலந்து 1893ஆம் ஆண்டு அவர் பெயரையே அப்பாறைக்கு இட்டார். சென்னைப் பரங்கிமலையின் பாறையும் அவ்வகையினதே. பெயரின் வரலாறு சுவையானது. ஆனால் அது பாறையைப் பற்றி எதுவும் கூறுவதில்லை. புவியோட்டின் ஆழத்தில் மிகுந்த வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் உருவான அப்பாறையில் குவார்ட்ஸ், ஃபெல்ஸ்பார், ஹைப்பர்ஸ்தீன் ஆகிய கனிமங்கள் உள்ளன என்று அறியும்போதே அப்பெயர் பொருள்பெறுகிறது.

இதற்கு மாறாகக் 'கல்மரம்' என்னும் சொல் காரணப்பெயர். வானூர் வட்டத்துத் திருவக்கரையில் இந்தியப் புவியியல் ஆய்வு நிறுவனம் பாதுகாத்துவரும் தேசியக் கல்மரப் பூங்கா உள்ளது. அங்குள்ள கல்மரங்களைப் பிரெஞ்சு இயற்கை ஆய்வாளர் சொன்னரா 1781ஆம் ஆண்டிலேயே பதிவுசெய்துள்ளார். ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகள் பழமை வாய்ந்தவை எனக் கருதப்படும் இவற்றுள் சில 15 மீட்டர் வரை நீளம் கொண்டவை. மரம் அப்படியே கல்லாக மாறிவிட்டது என்னும் எண்ணத்தைப் பெயர் தரக்கூடும். உண்மையில் மணலுக்கடியில் புதைந்த மரத்தின் நுண்ணறைகளில் நிலத்தடி நீர் கொண்டுவந்த சிலிக்கா சிறிது சிறிதாகப் படிந்தது; மரப்பொருளின் இடத்தை அது பிடித்துக்கொண்டது; மரத்தின் உள்ளமைப்பு மட்டும் எஞ்சியது. பெயர் கண்ட காட்சியைச் சொல்கிறது. வரையறை நிகழ்ந்த முறையைச் சொல்கிறது. இரண்டும் வேண்டும்.

'கடினத்தன்மை' என்னும் சொல்லும் இவ்வாறே கருதத்தக்கது. கடினமான தேர்வு, கடினமான உழைப்பு என்பன மக்கள் வழக்கு. கனிமவியலில் அச்சொல் கீறலைத் தாங்கும் ஆற்றலை மட்டுமே குறிக்கிறது. ஜெர்மானியக் கனிமவியலாளர் ஃப்ரீட்ரிஷ் மோஸ் 1812ஆம் ஆண்டு பத்துக் கனிமங்களை வரிசைப்படுத்தினார். அவ்வரிசையில் டால்க் 1; கால்சைட் 3; குவார்ட்ஸ் 7; குருந்தம் 9; வைரம் 10. வைரத்தை வேறெந்தக் கனிமமும் எளிதில் கீறுவதில்லை. ஆயினும் சம்மட்டியால் அடித்தால் வைரம் உடைந்துபோகும். உடையாமை வேறொரு பண்பு. மேலும் அவ்வெண்கள் வரிசையைக் காட்டுவன. சம இடைவெளியைக் காட்டுவன அல்ல. குருந்தத்திற்கும் வைரத்திற்கும் இடையிலான வேறுபாடு முந்தைய படிகளின் வேறுபாட்டைவிட மிகப் பெரிது.

இச்சொல்லைச் சோதிக்கப் பெரிய ஆய்வகம் தேவையில்லை. வயல்வரப்பிலும் செம்மண் மேட்டிலும் கிடைக்கும் வெள்ளை வெங்கச்சங்கல் குவார்ட்ஸ் ஆகும். ஆசிரியர் முன்னிலையில் பழைய கண்ணாடித் துண்டை மேசைமேல் கிடத்தி, அக்கல்லின் முனையால் இழுத்தால் கண்ணாடியில் கீறல் விழும். கண்ணாடியின் கடினத்தன்மை ஏறத்தாழ 5.5, குவார்ட்சின் கடினத்தன்மை 7. அந்தக் கீறலைக் கண்ட மாணவர் அச்சொல்லை மறப்பதில்லை.

தெரிந்து தெளிவோம்

மாணிக்கமும் நீலமும் ஒரே கனிமத்தின் நிறவேறுபாடுகள். அலுமினியம் ஆக்சைடால் ஆன அக்கனிமத்தை உலகக் கனிமவியலாளர் 'கொரண்டம்' என்பர். இச்சொல் தமிழில் வழங்கும் 'குருந்தம்' என்பதிலிருந்து ஐரோப்பிய மொழிகளுக்குச் சென்றது. சாணை பிடிக்கப் பயன்பட்ட கல்லின் பெயர் உலக அறிவியலின் கலைச்சொல்லாயிற்று.

ஒளியின் வழியில்

கல்லை அறிய ஒளி துணைசெய்கிறது. வெட்டித் தேய்த்து 0.03 மில்லிமீட்டர் தடிமன் ஆக்கிய பாறைச் சீவல் ஒளியை உள்ளே விடும். தளவிளைவுற்ற ஒளியில் நுண்ணோக்கி வழியாக அதனைக் காணும்போது ஒவ்வொரு கனிமமும் தனக்குரிய நிறங்களையும் தோற்றத்தையும் காட்டும். எனவே கனிமவியல் கற்பவர் ஒளியியலின் சொற்களையும் அறிதல் வேண்டும்.

ஒளியியலில் மாணவரை மயக்குவன ஒன்றையொன்று ஒத்த சொற்கள். முப்பட்டகத்தில் புகுந்த வெள்ளொளி பல நிறங்களாக வெளிப்படுவதை 'ஒளி சிதறுகிறது' என்று பேச்சு வழக்கில் கூறலாம். இயற்பியலில் அது நிறப்பிரிகை. ஒவ்வொரு நிறத்திற்கும் ஒளிவிலகல் எண் சிறிது வேறுபடுவதே அதற்குக் காரணம். ஒளிச்சிதறல் என்பதோ காற்றின் மூலக்கூறு போன்ற நுண்துகளில் பட்ட ஒளி பல திசைகளிலும் செல்வது. வானவில்லின் நிறங்களுக்கு முன்னதும் வானத்தின் நீலத்திற்குப் பின்னதும் காரணங்கள். சொல் மாறினால் காரணமும் மாறிவிடுகிறது.

திருவானைக்காவலில் பிறந்த சர் சி.வி. இராமன், கொல்கத்தாவில் கே.எஸ். கிருஷ்ணனின் துணையோடு ஆய்ந்து 1928 பிப்ரவரி 28 அன்று கண்டறிந்த விளைவு ஒளிச்சிதறலைச் சார்ந்தது. ஒரு பொருளால் சிதறும் ஒளியில் மிகச் சிறு பகுதியின் அலைநீளம் மாறுகிறது. அம்மாற்றம் பொருளுக்குப் பொருள் வேறுபடுகிறது. ஆகவே அதனைக் கொண்டு கனிமம் இன்னதென்று கூற முடிகிறது. 2021ஆம் ஆண்டு செவ்வாயில் இறங்கிய பெர்சிவரன்ஸ் ஊர்தி அங்குள்ள பாறைகளை ஆராய இராமன் விளைவின் அடிப்படையில் இயங்கும் கருவிகளையும் கொண்டுசென்றது. சிதறலுக்கும் பிரிகைக்கும் உள்ள எல்லையை அறியாதவர்க்கு இக்கண்டுபிடிப்பின் அருமை புலப்படாது.

வைரத்தின் ஒளிர்வும் இத்தகையதே. அதன் ஒளிவிலகல் எண் 2.42, கண்ணாடிக்கு ஏறத்தாழ 1.5. ஆதலால் வைரத்தின் மாறுநிலைக் கோணம் ஏறத்தாழ 24 பாகை. கண்ணாடிக்கு அது 42 பாகையளவு. சரியாகப் பட்டை தீட்டிய வைரத்திற்குள் புகுந்த ஒளி பலமுறை முழு அக எதிரொளிப்பு அடைந்து வெளிவருகிறது. 'முழு', 'அக' என்னும் இரண்டு அடைகளும் இங்குப் பொருளற்றவை அல்ல. 'முழு' என்றதால் ஒளியின் ஒரு பகுதியும் வெளிச்செல்லாமை பெறப்படும். 'அக' என்றதால் நிகழ்வு அடர்மிகு ஊடகத்தின் உள்ளே என்பது பெறப்படும். அடைமொழியின் பயனை இலக்கண வகுப்பில் கற்ற மாணவர்க்கு இத்தொடரே பாதி வரையறையைத் தந்துவிடுகிறது.

பிழையும் தவறும்

ஆய்வகத்துக் கருவிகளின் பெயர்களில் ஓர் ஒழுங்கு உண்டு. வெப்பமானி, நிறமாலைமானி ஆகியவற்றில் 'மானி' அளப்பதைக் குறிக்கும். தொலைநோக்கி, நுண்ணோக்கி ஆகியவற்றில் 'நோக்கி' காண உதவுவதைக் குறிக்கும். நிலநடுக்க வரைவியில் 'வரைவி' பதிவுசெய்வதைக் குறிக்கும். இவ்விகுதிகளை அறிந்த மாணவர் புதிய கருவியின் பெயரைக் கேட்ட அளவிலேயே அதன் பணியை உணர்வார். 'மீச்சிற்றளவு' என்பதும் அச்சமூட்டும் சொல் அன்று. ஒரு கருவி அளக்கவல்ல மிகச் சிறிய அளவு என்பதே அதன் பொருள். பொதுவாகப் பள்ளி ஆய்வகத்து வெர்னியர் அளவிக்கு அது 0.01 சென்டிமீட்டர்; திருகு அளவிக்கு 0.01 மில்லிமீட்டர்.

ஆய்வகச் சொற்களுள் மிகுந்த தீங்கு விளைவிப்பது தவறாகப் புரிந்துகொள்ளப்பட்ட 'பிழை' என்னும் சொல். பேச்சு வழக்கில் பிழையும் தவறும் ஒன்றே. இரண்டும் குற்றத்தைச் சுட்டுவன. அளவீட்டியலில் பிழை குற்றம் அன்று. எந்தக் கருவியும் எந்த அறிஞரும் முற்றிலும் தவிர்க்க இயலாத, அளவீட்டிற்கும் உண்மை மதிப்பிற்கும் இடையிலான வேறுபாடு அது. திருகு அளவியின் முகங்கள் ஒன்றையொன்று தொடும்போது சுழிக்கோடுகள் பொருந்தாவிடின் அது சுழிப்பிழை. அதனைக் கண்டு திருத்தம் செய்வதே முறை. அளவுகோலைச் சாய்வாக நோக்குவதால் நேர்வது இடமாறு தோற்றப் பிழை. ஒற்றைக் கண்ணை மாற்றி மாற்றி மூடி, நீட்டிய விரலைப் பார்த்தால் விரல் இடம்பெயர்வது போலத் தோன்றும். அதுவே அப்பெயரின் காரணம்.

தனி ஊசலைக் கொண்டு புவியீர்ப்பு முடுக்கத்தைக் கணக்கிடும் மாணவருக்கு வினாடிவர்க்கத்திற்கு 9.5 மீட்டர் எனக் கிடைப்பதாகக் கொள்வோம். பிழை என்பதைக் குற்றம் எனக் கருதும் மாணவர், 9.8 வரும்வரை அளவீடுகளை மாற்றிப் பதிவேட்டில் எழுதுவார். பிழை என்பதன் பொருளை அறிந்தவர் 9.5 என்றே எழுதி, ஊசலின் நீளத்தை அளந்த முறையிலா, காலத்தைக் குறித்த முறையிலா வேறுபாடு நேர்ந்தது என்று ஆராய்வார். முன்னவர் விடையைப் பெற்றார், அறிவியலை இழந்தார். பின்னவர் அறிவியலைக் கற்றார். ஒரு சொல்லின் எல்லையை அறியாமை உண்மையை மறைக்கும் பழக்கமாக வளர்ந்துவிடக்கூடும். ஆசிரியரும் தேர்வாளரும் பொருந்திய விடைக்கு மட்டும் மதிப்பளிக்காமல், நேர்மையான அளவீட்டிற்கும் ஆய்வுக்கும் மதிப்பளித்தாலன்றி இச்சொல் தன் பொருளைப் பெறாது.

'துல்லியத்தன்மை', 'நுட்பம்' என்னும் இணையும் இத்தகையது. உண்மை மதிப்பிற்கு அருகில் இருப்பது துல்லியத்தன்மை. திரும்பத் திரும்ப அளந்தாலும் அளவீடுகள் ஒன்றையொன்று நெருங்கியிருப்பது நுட்பம். ஒரே இடத்தில் குத்தி நிற்கும் அம்புகள் அனைத்தும் இலக்கிற்கு வெளியே இருக்கவும் கூடும். அங்கே நுட்பம் உண்டு, துல்லியம் இல்லை.

எந்தச் சொல்லைக் கொள்வது?

தமிழில் அறிவியல் எழுதும் முயற்சி நீண்ட வரலாறு உடையது. அமெரிக்க மருத்துவர் சாமுவேல் கிரீன் 1847ஆம் ஆண்டு யாழ்ப்பாணத்திற்கு வந்து, பின்னர்த் தமிழில் மருத்துவம் கற்பித்தார், நூல்களையும் மொழிபெயர்த்தார். 1916ஆம் ஆண்டு சேலத்தில் இராஜாஜியும் வெங்கடசுப்பையரும் கலைச்சொல் ஆக்கத்திற்கெனச் சங்கம் ஒன்றை நிறுவினர். பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு தமிழ் வளர்ச்சிக் கழகம் 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கலைக்களஞ்சியத்தை வெளியிட்டது.

வெவ்வேறு நிலங்களில் நடந்த முயற்சிகளால் ஒரு கருத்திற்கு ஒன்றிற்கு மேற்பட்ட சொற்கள் தோன்றின. தமிழ்நாட்டில் எதிரொளிப்பு எனப்படுவது இலங்கையில் தெறிப்பு. ஒளிவிலகல் அங்கே முறிவு. லென்சு அங்கே வில்லை. முப்பட்டகம் அங்கே அரியம். இவற்றுள் எது சிறந்தது என்னும் வழக்கு மாணவருக்கு உதவாது. ஒளி நேர்வழியை விட்டு நீங்குவதை ஒரு சொல் கண்டது. கோடு முறிந்தாற்போல் தோன்றுவதை மற்றொரு சொல் கண்டது. இரண்டும் காரணமுடையவை. இரண்டையும் அறிந்த மாணவர் யாழ்ப்பாணத்து நூலையும் படிக்க வல்லவராகிறார். ஆயினும் ஒரு பாடத்திட்டத்திற்குள் ஒரு கருத்திற்கு ஒரு சொல்லே எல்லா வகுப்புகளிலும் வழங்குதல் வேண்டும்.

ஆங்கிலச் சொற்களையே பயன்படுத்தினால் இடர் தீரும் என்பாரும் உளர். உயர்கல்வியும் ஆய்விதழ்களும் பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருப்பதால் அவர்தம் கவலை புறக்கணிக்கத்தக்கது அன்று. ஆனால் அச்சொற்களும் ஒரு காலத்தில் அடுக்களையிலும் பட்டறையிலும் வழங்கியவையே. 'லென்சு' என்பது இலத்தீனில் மைசூர்ப் பருப்பின் பெயர். குவிலென்சின் வடிவம் அதனை ஒத்தது. 'ஃபோகஸ்' என்பதற்கு இலத்தீனில் அடுப்பு என்று பொருள். 'பிரிசம்' என்பது கிரேக்கத்தில் அறுக்கப்பட்ட பொருளைக் குறிக்கும். அவற்றின் காரணம் அறியாத தமிழ் மாணவருக்கு அவை வெறும் ஒலிகள். 'குவியம்' என்று கேட்கும்போது ஒளிக்கதிர்கள் ஒன்றுகூடும் காட்சி உடனே மனத்தில் எழுகிறது. கருத்தைத் தாய்மொழியில் பெற்றவர் அதன் உலகப்பெயரைப் பின்னர் எளிதில் பெறுவார். கருத்தில்லாமல் பெயரை மட்டும் பெற்றவருக்கு எம்மொழியும் துணைசெய்யாது.

ஆகவே நடுநிலையான ஒரு நெறி வேண்டும். செயலையும் பண்பையும் அளவையும் குறிக்கும் சொற்கள் தமிழில் அமைதல் நன்று. அவற்றின் காரணம் அப்போதுதான் விளங்கும். ஆளின் பெயராலோ இடத்தின் பெயராலோ அமைந்த கனிம, பாறைப் பெயர்களை உலக வழக்கிலேயே தமிழ் ஒலிக்கேற்பக் கொள்ளலாம். திசைச்சொல்லையும் வடசொல்லையும் முறைப்படி ஏற்ற மொழிக்கு இது புதிதன்று. வெங்கச்சங்கல், காக்காப்பொன், சுக்கான்கல், மாக்கல் என மக்கள் வழங்கும் பெயர்களையும் பாடத்தில் சேர்த்தல் வேண்டும். காக்காப்பொன் என்பதே மைக்கா என்று அறியும் மாணவர், தாம் முன்பே அறிந்த ஒன்றையே கற்பதாக உணர்வார்.

கோலியனூரிலும் திண்டிவனத்திலும் தமிழ்வழியில் பயிலும் மாணவர் பலர் நாளை பொறியியல் கல்லூரிக்கோ அறிவியல் கல்லூரிக்கோ செல்வர். அங்கே ஆங்கிலச் சொற்கள் திரண்டு வரும்போது, தமக்கு அறிவியல் வராது என்று அவருள் சிலர் ஒதுங்கிவிடும் நிலை உண்டு. அவர்களைத் தடுப்பது அறிவியல் அன்று; அறிமுகமாகாத சொல். ஒவ்வொரு புதிய சொல்லின் முன்னும் 'ஏன் இப்பெயர்? எதுவரை இதன் எல்லை? எதைச் செய்து இதனை அறிவது?' என மூன்று வினாக்களை எழுப்பப் பள்ளியிலேயே பழகியவர், எந்த மொழியில் சொல் வந்தாலும் அஞ்சமாட்டார். அந்தப் பழக்கத்தைத் தருவது அறிவியல் ஆசிரியருக்கும் தமிழாசிரியருக்கும் பொதுவான கடமை.

கற்பவை கற்றபின்...

1. உங்கள் ஊரில் கொத்தனார், தச்சர், பொற்கொல்லர் ஆகியோர் பயன்படுத்தும் தொழிற்சொற்கள் பத்தினைத் திரட்டி, அவற்றின் பொருளையும் அளவையும் எழுதுக.

2. இயற்பியல் பாடநூலிலிருந்து ஐந்து கலைச்சொற்களைத் தெரிந்து, ஒவ்வொன்றின் காரணம், எல்லை, சோதித்தறியும் செயல் ஆகியவற்றை அட்டவணைப்படுத்துக.

3. 'ஆய்வகத்தில் பிழை குற்றம் அன்று. அதனை மறைப்பதே குற்றம்' - இக்கருத்தை ஒட்டியோ வெட்டியோ வகுப்பில் உரையாற்றுக.